ஒரகடமும் எடையாரும்: ஊர்ப் பள்ளி யார் பொறுப்பு?

வண்டலூர்–வாலாஜாபாத் சாலையும் சிங்கப்பெருமாள்கோவில்–ஸ்ரீபெரும்புதூர் சாலையும் சந்திக்கும் இடம், காஞ்சிபுரம் மாவட்டத்தின் ஒரகடம். ஏரிப் பாசனத்தை நம்பி நெல் விளைத்த ஊர்கள் சூழ்ந்த வட்டாரம் இது. இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் 1998-இல் கார் உற்பத்தியைத் தொடங்கியது. ஒரகடத்தில் 2010-இல் ரெனோ–நிஸான் ஆலையும் 2012-இல் டைம்லர் லாரி ஆலையும் 2013-இல் ராயல் என்ஃபீல்டு ஆலையும் வந்தன. ஸ்ரீபெரும்புதூரில் 2006-இல் திறந்த நோக்கியா தொழிற்சாலை 2014-இல் மூடப்பட்டது. வல்லம் வடகாலில் பெண் தொழிலாளர்களுக்காக 18,720 பேர் தங்கும் விடுதி 2024 ஆகஸ்டில் திறக்கப்பட்டது.

இந்த ஆலைகளைப் பற்றிய முடிவுகள் சென்னையிலும் டெல்லியிலும் வெளிநாட்டுத் தலைமையகங்களிலும் எடுக்கப்பட்டவை. அவற்றில் இங்குள்ள ஊர்களுக்குப் பெரிதாகக் குரல் இருக்கவில்லை. ஊர்ப் பள்ளியிலாவது அந்தக் குரல் இருக்கிறதா? ஆலைக் கட்டடத்துக்கு வரி போடும் ஊராட்சி, அதே ஊரின் தொடக்கப் பள்ளிக்கு என்ன செய்ய முடியும், எதைச் செய்தே ஆக வேண்டும்? இந்தக் கேள்விக்கு விடை தேட, கேரளத்தின் எறணாகுளம் மாவட்டத்தில் உள்ள எடையார்–ஏலூர்–பெரும்பாவூர் பகுதியை ஒரகடத்தின் அருகே வைத்துப் பார்க்கிறது இக்கட்டுரை. அதுவும் தொழிற்பகுதி. எடையாரும் ஏலூரும் ரசாயன, உலோக ஆலைகள் நிறைந்தவை. பெரும்பாவூர் பிளைவுட் தொழிலுக்குப் பேர் பெற்றது. அங்கும் ஒடிசா, வங்காளம், பீகார், அசாம் என்று பல மாநிலத் தொழிலாளர் குடும்பங்கள் வந்து குடியேறியிருக்கின்றன. பள்ளி நிர்வாகத்தில் மட்டும் இரண்டு மாநிலங்களும் வெவ்வேறு வழியில் நடந்திருக்கின்றன.

ஒரே சட்டம், இரண்டு வழிகள்

இரண்டு மாநிலங்களையும் கட்டுப்படுத்தும் சட்டங்கள் பொதுவானவை. 1976-இன் 42-வது அரசியல் சட்டத் திருத்தம் கல்வியை மாநிலப் பட்டியலிலிருந்து பொதுப் பட்டியலுக்கு மாற்றி, அதிகாரத்தை மேல்நோக்கி இழுத்தது. 1993-இல் நடைமுறைக்கு வந்த 73-வது திருத்தம் எதிர்த்திசையில் நடந்தது. ஊராட்சிகளிடம் ஒப்படைக்கத்தக்க 29 துறைகளைப் பதினோராவது அட்டவணையில் அது பட்டியலிட்டது; தொடக்கக் கல்வியும் இடைநிலைக் கல்வியும் அவற்றில் 17-வது. ஆனால் எந்தத் துறையை, எந்த அளவுக்கு ஒப்படைப்பது என்பதை மாநிலச் சட்டமன்றத்தின் முடிவுக்கே விட்டது. 2010 ஏப்ரல் முதல் நடைமுறையில் உள்ள கல்வி உரிமைச் சட்டம், சுயநிதித் தனியார் பள்ளிகள் தவிர மற்றப் பள்ளிதோறும் மேலாண்மைக் குழு வேண்டும் என்கிறது. அதில் நான்கில் மூன்று பங்கினர் பெற்றோராகவும், பாதிப் பேர் பெண்களாகவும் இருக்க வேண்டும்.

ஆக, பள்ளியை ஊருக்கு அருகே கொண்டுவர இரண்டு வாசல்கள் திறந்தன. ஒன்று, தேர்ந்தெடுக்கப்பட்ட ஊராட்சி. மற்றது, பெற்றோர் குழு. கேரளம் முதல் வாசலை அகலத் திறந்தது. தமிழ்நாடு இரண்டாவதில் ஊக்கம் காட்டியது. இந்த வேறுபாட்டுக்குப் பின்னால் நீண்ட வரலாறு இருக்கிறது.

ஜில்லா போர்டிலிருந்து சென்னைக்கு

பள்ளியை உள்ளாட்சி நடத்துவது தமிழகத்துக்குப் புதிதன்று. வைஸ்ராய் ரிப்பன் காலத்து உள்ளாட்சித் தீர்மானத்தைத் தொடர்ந்து வந்த 1884-ஆம் ஆண்டுச் சென்னை உள்ளாட்சிச் சட்டத்தின் கீழ் அமைந்த போர்டுகள் பள்ளிகளை நடத்தின. 1920-இன் சென்னைத் தொடக்கக் கல்விச் சட்டம் கல்விக்கென்றே வரி போட வழி செய்தது. 1958-இன் ஊராட்சிச் சட்டத்துக்குப் பின் ஜில்லா போர்டுகள் கலைந்தன. அவற்றின் உயர்நிலைப் பள்ளிகள் அரசிடமும், தொடக்கப் பள்ளிகள் புதிதாக அமைந்த ஊராட்சி ஒன்றியங்களிடமும் போய்ச் சேர்ந்தன. ஒன்றியங்களுக்குத் தனியே கல்வி நிதி இருந்தது. ஆசிரியர் ஒன்றியத்தின் ஊழியர். சம்பளமும் ஒன்றியத்தின் வழியே வந்தது.

அதே காலத்தில் ஊர் மக்களைப் பள்ளிக்குள் அழைத்துவந்த முயற்சி ஒன்றை இந்த மாவட்டத்துக்காரர் ஒருவர் முன்னின்று நடத்தினார். காஞ்சிபுரம் அருகே நெய்யாடுபாக்கத்தில் பிறந்த நெ. து. சுந்தரவடிவேலு, காமராசர் ஆட்சியில் பொதுக் கல்வி இயக்குநராக இருந்தவர். 1956-இல் தொடங்கிய மதிய உணவுத் திட்டத்திலும், அதையடுத்து நடந்த பள்ளிச் சீரமைப்பு மாநாடுகளிலும் ஊர்மக்கள் நெல்லும் பணமும் நிலமும் உழைப்பும் தந்தார்கள். அரசின் திட்டத்தை ஊர் தன்னுடையதாக ஏற்றுக்கொண்ட காலம் அது. தமிழ்நாட்டில் தொடக்கக் கல்வி பரவியதற்கு அந்த ஏற்பும் ஒரு காரணம்.

அந்தக் காலத்தின் மறுபக்கத்தையும் மறக்கக் கூடாது. உள்ளூர்ச் செல்வாக்குக்கு ஆளாகிப் பணிமாற்றம் பெற்ற ஆசிரியர்கள் இருந்தார்கள். சம்பளம் தாமதமான ஊர்கள் இருந்தன. ஊரின் ஆதிக்கச் சாதி கையில் பள்ளியும் சிக்கினால், சேரிக் குழந்தைக்காகப் பேசும் ஆசிரியர் யாரிடம் முறையிடுவார்? ஆசிரியர் சங்கங்கள் நெடுங்காலம் போராடியதன் பயனாக, 1981 ஜூன் 1 முதல் ஒன்றிய ஆசிரியர்கள் அரசு ஊழியர்களானார்கள். ஆசிரியர்களின் மானத்தையும் வயிற்றையும் காத்த முடிவு அது. ஆனால் ஆசிரியரோடு சேர்த்துப் பள்ளியைப் பற்றிய முடிவுகளும் ஊரை விட்டுப் போய்விட்டன.

இன்றுள்ள ஏற்பாடு இப்படி இருக்கிறது. ஒரகடம் வட்டாரத்தின் பல பள்ளிகள் இன்றும் ஊராட்சி ஒன்றியத் தொடக்கப் பள்ளிகள்தாம். கட்டடத்தைக் கட்டுவதும் பழுதுபார்ப்பதும் ஊரக வளர்ச்சித் துறையின் வழியே, வட்டார வளர்ச்சி அலுவலரிடம் வருகிறது. ஆசிரியரும் பாடமும் கல்வித் துறையின் வழியே, வட்டாரக் கல்வி அலுவலரிடம் வருகின்றன. ஓட்டை விழுந்த கூரைக்கு ஓர் அலுவலகம், காலியான ஆசிரியர் இடத்துக்கு வேறோர் அலுவலகம். இரண்டையும் ஒன்றாக வைத்துப் பார்த்து, ஊராரிடம் பதில் சொல்லக் கடமைப்பட்ட தேர்ந்தெடுக்கப்பட்ட அமைப்பு நடைமுறையில் இல்லை.

கேரளம் ஒப்படைத்ததும் ஒப்படைக்காததும்

கேரளம் 1995 அக்டோபரில் பள்ளிகளை உள்ளாட்சிகளுக்கு மாற்றியது. அரசின் எல்.பி., யூ.பி. எனப்படும் தொடக்க, நடுநிலைப் பள்ளிகள் கிராம பஞ்சாயத்துகளிடமும், உயர்நிலை, மேல்நிலைப் பள்ளிகள் மாவட்டப் பஞ்சாயத்துகளிடமும் சென்றன. நகரங்களில் நகராட்சிகளும் மாநகராட்சிகளும் பொறுப்பேற்றன. அடுத்த ஆண்டு, 1996 ஆகஸ்ட் 17-இல், மக்கள் திட்ட இயக்கம் தொடங்கியது. மாநிலத் திட்ட நிதியில் 35 முதல் 40 விழுக்காட்டை உள்ளாட்சிகளுக்குப் பிரித்துக் கொடுப்போம் என்று அரசு அறிவித்தது. எந்தப் பணியை முதலில் எடுப்பது என்பதை கிராம சபைகளில் பேசி, பஞ்சாயத்து திட்டம் எழுதும் முறை பழக்கத்துக்கு வந்தது.

இங்கே நாம் கவனிக்க வேண்டிய நுட்பம் ஒன்று உண்டு. ஆசிரியர் நியமனமும் சம்பளமும் பாடத்திட்டமும் கேரளத்திலும் மாநில அரசிடமே இருக்கின்றன. பஞ்சாயத்துக்குக் கிடைத்தவை கட்டடம், பராமரிப்பு, கூடுதல் வசதிகள், உள்ளூர்க் கல்வித் திட்டங்கள். தமிழ்நாட்டு ஆசிரியர்கள் 1981-இல் பெற்ற பாதுகாப்பைக் கேரளம் தொடாமலேயே அதிகாரத்தைப் பகிர்ந்திருக்கிறது. பள்ளியைப் பஞ்சாயத்திடம் கொடுத்தால் ஆசிரியர் உள்ளூர் ஆட்களிடம் சிக்கிக்கொள்வார் என்ற அச்சத்துக்கு இந்த ஏற்பாடே பதில்.

குறைகளும் உண்டு. கேரளத்தில் அரசுப் பள்ளிகளைவிட அரசு உதவி பெறும் தனியார் பள்ளிகள் எண்ணிக்கையில் அதிகம். பஞ்சாயத்தின் பொறுப்பு அவற்றைத் தொடுவதில்லை. பஞ்சாயத்துகளின் கல்விச் செலவு கட்டடம், இருக்கை, கழிப்பறை என்றே போகிறது, வகுப்பறைக் கற்றலுக்குக் குறைவாகவே வருகிறது என்ற விமர்சனமும் தொடக்கம் முதல் இருக்கிறது. மாநிலம் 2017 ஜனவரியில் தொடங்கிய பொதுக் கல்விப் பாதுகாப்பு இயக்கத்தில் பெரிய கட்டடங்களுக்கான பணம் மாநில அளவிலிருந்தே வந்தது. ஆகவே கேரளத்தைக் குறையற்ற முன்மாதிரி என்று யாரும் காட்ட வேண்டியதில்லை.

பணம் எங்கிருந்து வருகிறது?

அதிகாரப் பகிர்வு உண்மையா என்பதைப் பணத்தை வைத்துத்தான் அறிய முடியும். கேரளத்தில் மூன்று வகை நிதி பஞ்சாயத்துக்கு வருகிறது: வளர்ச்சி நிதி, பொது நோக்க நிதி, பராமரிப்பு நிதி. ஒப்படைக்கப்பட்ட பள்ளி, மருத்துவமனை போன்ற சொத்துகளைப் பேணுவதற்கென்றே மூன்றாவது நிதி இருக்கிறது. இது சூத்திரப்படி வருவதால் எடையாரைப் போன்ற ஆலை ஊருக்கும், ஆலையே இல்லாத மலையூருக்கும் கிடைக்கிறது. அடுத்த ஆண்டு எவ்வளவு வரும் என்பதைப் பஞ்சாயத்து ஓரளவு கணித்துத் திட்டமிட முடிகிறது.

ஒரகடத்தில் பள்ளியின் கைக்கு நேரடியாக வருவது ஒருங்கிணைந்த கல்வித் திட்டமான சமக்ர சிக்‌ஷாவின் பள்ளி மானியம். நூற்றுக்கு மேல் 250 மாணவர் வரை உள்ள பள்ளிக்கு ஆண்டுக்கு 50,000 ரூபாய், 30-க்கு மேல் நூறு வரை இருந்தால் 25,000 ரூபாய் என்பது அதன் அளவு. சுண்ணாம்பு அடிப்பது, மின்விசிறி மாற்றுவது, குழாய் பழுது நீக்குவது எல்லாம் இதற்குள் அடங்க வேண்டும். இந்தச் சிறுதொகையும் டெல்லியின் விருப்பத்தைச் சார்ந்திருக்கிறது. பி.எம். ஸ்ரீ பள்ளித் திட்டத்தையும் தேசியக் கல்விக் கொள்கையையும் தமிழ்நாடு ஏற்கவில்லை என்பதால், 2024–25-ஆம் ஆண்டுக்கு இந்தத் திட்டத்தில் வரவேண்டிய 2,152 கோடி ரூபாயை ஒன்றிய அரசு நிறுத்தி வைத்தது. மாநிலம் உச்ச நீதிமன்றத்துக்குச் சென்றது. மாநில உரிமைக்காகத் தமிழ்நாடு எழுப்பிய குரல் நியாயமானது. அதே நியாயம் சென்னைக்கும் ஊராட்சிக்கும் இடையிலும் பொருந்தும். டெல்லியிடம் கேட்பதை ஊருக்குக் கொடுக்க நாம் தயங்கக் கூடாது.

மறுபுறம், இந்த வட்டாரத்து ஊராட்சிகளுக்குச் சொந்த வருமானம் இருக்கிறது. கட்டடங்களுக்கான வீட்டு வரியும், வேலை செய்வோர் அரையாண்டுக்கு ஒருமுறை கட்டும் தொழில் வரியும் உள்ளாட்சியின் வரவுகள். ஆலைகள் நிறைந்த ஊராட்சிக்கு இவை மற்ற ஊர்கள் நினைத்துப் பார்க்க முடியாத வசதி. ஆனால் அந்த வரவில் இத்தனை பங்கைப் பள்ளிக்குச் செலவிட்டே ஆக வேண்டும் என்ற கடமை ஊராட்சிக்கு இல்லை. தலைவர் அக்கறை உள்ளவராக இருந்தால் சுற்றுச்சுவர் எழும், இல்லாவிட்டால் எழாது.

அப்படியானால் ஆலை வரியை அந்தந்த ஊர்ப் பள்ளிக்கே கொடுத்துவிடலாமா? கூடாது. இதற்கு அமெரிக்காவின் அனுபவம் எச்சரிக்கை. அங்கே பள்ளி வாரியங்கள் உள்ளூர்ச் சொத்து வரியை நம்பி இயங்குகின்றன. டெக்சஸில் சான் அன்டோனியோ நகரின் ஏழைப் பகுதியான எட்ஜ்வுட்டின் பெற்றோர், பக்கத்துப் பணக்காரப் பகுதியின் பள்ளிகளுக்குக் கிடைக்கும் பணம் தங்கள் பிள்ளைகளுக்குக் கிடைக்கவில்லை என்று வழக்குத் தொடுத்தார்கள். அந்த ஏற்றத்தாழ்வு நாட்டின் அரசியல் சட்டத்தை மீறவில்லை என்று 1973-இல் உச்ச நீதிமன்றம் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் தீர்ப்பளித்தது. நம் வட்டாரத்திலும் சிப்காட் தொழிற்பேட்டையின் எல்லைக்குள் ஆலை அமைந்த ஊராட்சி செழிப்பாக இருக்கும். அதே ஆலைகளின் லாரிகள் தன் சாலையை உடைத்துக்கொண்டு போவதைப் பார்க்கும் பக்கத்து ஊராட்சிக்கு ஒன்றும் கிடைக்காது. எனவே வருவாயை ஒன்றிய அளவில் சேர்த்து, குழந்தைகளின் எண்ணிக்கைக்கும் தேவைக்கும் ஏற்பப் பிரிப்பதே நேர்மை. 1958-இன் சட்டத்தில் ஒன்றியத்துக்கு இருந்த கல்வி நிதி, இந்தக் காலத்துக்கு ஏற்பப் புதுப்பிக்கத்தக்க ஏற்பாடு.

பெற்றோர் குழு: தமிழ்நாட்டின் வலிமை

இந்த ஒப்பீட்டில் தமிழ்நாடு முந்தி நிற்கும் இடமும் உண்டு. கல்வி உரிமைச் சட்டத்தின் மேலாண்மைக் குழுக்கள் நாடெங்கும் பல ஆண்டுகள் காகிதத்திலேயே இருந்தன. 2022-இல் தமிழக அரசு 'நம் பள்ளி நம் பெருமை' என்ற பெயரில் பெற்றோரைத் திரட்டி, அரசுப் பள்ளிகளில் குழுக்களைப் புதிதாக அமைத்தது. இருபது பேர் கொண்ட குழுவின் தலைமை தாய் ஒருவருக்கு. தலைமை ஆசிரியர், ஓர் ஆசிரியர், உள்ளாட்சி உறுப்பினர்கள், சுய உதவிக் குழு உறுப்பினர், இல்லம் தேடிக் கல்வித் தன்னார்வலர் ஆகியோரும் இடம்பெற்றார்கள். 2024-இல் முன்னாள் மாணவர்களையும் சேர்த்து உறுப்பினர் எண்ணிக்கை 24 ஆக்கப்பட்டது. மாதந்தோறும் கூட்டம், தீர்மானம், அதைச் செயலியில் பதிவேற்றிக் கண்காணிப்பது என ஒழுங்கும் ஏற்பட்டது. பட்டியல் சாதியைச் சேர்ந்த ஒரு தாய் தலைவர் நாற்காலியில் அமர்ந்து தலைமை ஆசிரியரிடம் கணக்குக் கேட்க முடிவது, ஜில்லா போர்டு காலத்தில் நினைத்தும் பார்க்க முடியாத மாற்றம்.

ஆனால் இந்தக் குழுவுக்கு வாய் இருக்கிறது, கையில் பணம் இல்லை. கழிப்பறை வேண்டும் என்று தீர்மானம் போடலாம். அதைக் கட்டும் அதிகாரம் ஊரக வளர்ச்சித் துறையிடம். ஆசிரியர் வேண்டும் என்று எழுதலாம், நியமனம் சென்னையில். கூட்டங்கள் வெள்ளிக்கிழமை பிற்பகலில் நடக்கின்றன. முதல் ஷிப்டு முடிந்து அலுத்து வரும் தந்தைக்கும், இரண்டாம் ஷிப்டுக்குக் கம்பெனி பஸ் ஏறும் தாய்க்கும், விடுப்பு எடுத்தால் அன்றைய கூலியை இழக்கும் ஒப்பந்தத் தொழிலாளிக்கும் அந்த நேரம் பொருந்தாது. நெல் வயல் ஊருக்கும் ஆலை ஊருக்கும் ஒரே நாள், ஒரே நேரம் என்று தலைநகரிலிருந்து குறித்துக் கொடுப்பது, குழுவை அமைத்த நோக்கத்துக்கே முரண்.

குழுவிடம் எந்த அதிகாரத்தைக் கொடுக்கலாம், எதைக் கூடாது என்பதையும் 2022 காட்டியது. காலியாக இருந்த 13,331 ஆசிரியர் இடங்களைத் தற்காலிகமாக நிரப்ப மேலாண்மைக் குழுக்களுக்கு அரசு அனுமதி தந்தது. இடைநிலை ஆசிரியருக்கு 7,500 ரூபாய், பட்டதாரி ஆசிரியருக்கு 10,000, முதுகலை ஆசிரியருக்கு 12,000 என்று தொகுப்பூதியம் அறிவிக்கப்பட்டது. தகுதித் தேர்வில் தேர்ச்சி பெற்றுக் காத்திருந்தவர்கள் கொதித்தார்கள். உள்ளூர்ச் சிபாரிசுக்கு வழி திறக்கும் என்ற கவலை எழுந்தது. வழக்கு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போனது. வழிகாட்டு நெறிமுறைகள் திருத்தப்பட்டன. ஆசிரியரைத் தேர்ந்தெடுக்கும் வேலையைக் குழுவின் தலையில் வைத்தது அதிகாரப் பகிர்வு ஆகாது. மாநிலம் செய்யத் தவறிய கடமையைக் கீழே தள்ளிவிட்டதுதான் அது. கூரையைச் செப்பனிடும் பணத்தைக் குழுவுக்குக் கொடுக்காமல், ஆசிரியரை நியமிக்கும் சுமையைக் கொடுத்தது தலைகீழான ஏற்பாடு.

தேர்தல் நடந்தால்தானே உள்ளாட்சி?

கேரளத்தில் 1995 முதல் 2000, 2005, 2010, 2015, 2020, 2025 என்று ஐந்தாண்டுக்கு ஒருமுறை உள்ளாட்சித் தேர்தல் நடந்திருக்கிறது. பள்ளிக்கு நல்லது செய்யாத பஞ்சாயத்து அடுத்த தேர்தலில் பதில் சொல்ல வேண்டும். தமிழ்நாட்டில் 1996 முதல் நான்கு தேர்தல்கள் ஒழுங்காக நடந்தன. 2016 அக்டோபரில் பதவிக்காலம் முடிந்தபின் அந்தத் தொடர் அறுந்தது. 2019 டிசம்பரில் 27 மாவட்டங்களின் ஊரகப் பகுதிகளுக்குத் தேர்தல் வந்தபோது, அப்போதுதான் பிரிக்கப்பட்டிருந்த காஞ்சிபுரமும் செங்கல்பட்டும் அதில் சேரவில்லை. இங்கே வாக்குப்பதிவு நடந்தது 2021 அக்டோபரில். ஐந்து ஆண்டுகள் இந்தத் தொழில் வட்டாரத்தின் ஊராட்சிகளைத் தனி அலுவலர்கள் நடத்தினார்கள். ஆலைகள் விரிந்துகொண்டும் கொரோனாவால் பள்ளிகள் மூடிக் கிடந்தும் இருந்த ஆண்டுகள் அவை. கேட்க ஆள் வேண்டிய நேரத்தில் கேட்க ஆளில்லை. பள்ளியை ஊராட்சியிடம் கொடுங்கள் என்று கோருவோர், ஊராட்சித் தேர்தலைத் தவறாமல் நடத்துங்கள் என்ற கோரிக்கையை அதற்கு முன் வைத்தாக வேண்டும்.

வந்தவர் பிள்ளைகள்

இரண்டு வட்டாரங்களுக்கும் பொதுவான சோதனை, வெளிமாநிலத் தொழிலாளர்களின் குழந்தைகள். கல்வி உரிமைச் சட்டத்தின் 9-வது பிரிவு இதில் தெளிவாக இருக்கிறது. தன் எல்லைக்குள் வாழும் பதினான்கு வயது வரையுள்ள குழந்தைகளின் பதிவேட்டைப் பராமரிப்பதும், இடம்பெயர்ந்து வந்த குடும்பங்களின் குழந்தைகளைப் பள்ளியில் சேர்ப்பதை உறுதி செய்வதும் உள்ளாட்சியின் கடமைகள்.

எறணாகுளத்தில் இதற்கு விடையாக 2017-இல் 'ரோஷ்ணி' என்ற திட்டம் தொடங்கியது. எடையார் தொழிற்பகுதியில், பினானிபுரம் அரசு உயர்நிலைப் பள்ளியில் அது முதலில் நடத்திப் பார்க்கப்பட்டது. இந்தி, வங்காளம், ஒடியா பேசத் தெரிந்த கல்வித் தன்னார்வலர்கள், பள்ளி தொடங்கும் முன் காலையில் ஒன்றரை மணி நேரம், குழந்தையின் தாய்மொழி வழியே மலையாளத்தைக் கற்பித்தார்கள். பாரத் பெட்ரோலியத்தின் கொச்சி சுத்திகரிப்பு ஆலை சமூகப் பொறுப்பு நிதியிலிருந்து பணம் தந்தது. மாவட்டத்தின் பல பள்ளிகளுக்கு அது பரவியது.

கேரளத்தின் பெருமையாகச் சொல்லப்படும் இந்தத் திட்டத்தைத் தொடங்கியது மாவட்ட ஆட்சியரின் நிர்வாகம், பஞ்சாயத்து அல்ல. பணம் வந்தது பொதுத்துறை நிறுவனத்திடமிருந்து. இருபது ஆண்டுகளாகப் பள்ளியைக் கையில் வைத்திருந்த உள்ளாட்சிகள், உள்ளூரில் வாக்கு இல்லாதோரின் பிள்ளைகளுடைய தேவையைத் தாமாக முதலில் காணவில்லை. உள்ளூர் ஆட்சி உள்ளூர் வாக்காளருக்குச் செவி சாய்க்கும். வெளியூர்க்காரரின் குழந்தைக்குக் குரல் கொடுக்க மேலிருந்து வலுவான சட்டக் கடமையும் வேண்டும். இது எடையார் தரும் பாடங்களில் முக்கியமானது.

ஒரகடத்தில் இந்தக் கணக்கெடுப்பைச் செய்வது பெரும்பாலும் கல்வித் துறையின் ஆசிரியப் பயிற்றுநர்களும் ஆசிரியர்களும்தான். ஆலைத் தொழிலாளர் லைன் வீடுகளிலும், கட்டுமானக் கொட்டகைகளிலும், செங்கல் சூளைகளிலும் வாழும் குடும்பங்கள் சில மாதங்களில் இடம் மாறும். ஆண்டுக்கு ஒருமுறை நடக்கும் கணக்கெடுப்பு அவர்களைத் தவறவிடும். யார் புதிதாக வாடகைக்கு வந்தார்கள் என்பது ஊராட்சிச் செயலருக்கும் வார்டு உறுப்பினருக்கும் தெரியும், பள்ளிக்குத் தெரியாது. ஊராட்சியும் மேலாண்மைக் குழுவும் மாதத்துக்கு ஒருமுறை ஒன்றாக உட்கார்ந்தாலே இந்த இடைவெளியில் பெரும்பகுதி அடைபடும். வெளிமாநிலப் பெற்றோர் ஒருவராவது குழுவில் இருக்க வேண்டும் என்ற விதியும் இந்த வட்டாரத்துக்குத் தேவை.

கம்பெனிகள் எங்கே நிற்க வேண்டும்?

நிறுவனங்கள் சட்டம் 2013, குறிப்பிட்ட அளவுக்கு மேல் லாபம் ஈட்டும் நிறுவனங்கள் சராசரி நிகர லாபத்தில் இரண்டு விழுக்காட்டைச் சமூகப் பணிகளுக்குச் செலவிடச் சொல்கிறது. தாம் இயங்கும் பகுதிக்கு முன்னுரிமை தரவும் சொல்கிறது. தமிழக அரசு 2022 டிசம்பரில் 'நம்ம ஸ்கூல் நம்ம ஊருப் பள்ளி' என்ற அமைப்பைத் தொடங்கி, நிறுவனங்களும் முன்னாள் மாணவர்களும் பள்ளிகளுக்கு உதவ மாநில அளவில் வழி அமைத்தது. நல்ல ஏற்பாடு. ஆனால் எந்தப் பள்ளிக்கு எது வேண்டும் என்பதை நிறுவனம் தேர்ந்தெடுத்தால், நெடுஞ்சாலை ஓரத்துப் பள்ளிக்கு ஸ்மார்ட் வகுப்பறை கிடைக்கும். உட்புறக் காலனிப் பள்ளிக்குக் குடிநீர் கிடைக்காது.

இதன் எல்லையை எறணாகுளம் மாவட்டத்திலேயே காணலாம். கிழக்கம்பலத்தில் கிட்டெக்ஸ் ஆடை நிறுவனத்தின் பின்புலத்தில் 2013-இல் உருவான 'ட்வென்டி20' அமைப்பு, 2015 பஞ்சாயத்துத் தேர்தலில் 19 வார்டுகளில் 17-ஐ வென்றது. 2020-இல் பக்கத்துப் பஞ்சாயத்துகளுக்கும் பரவியது. சாலையும் மலிவு விலைக் கடையும் வந்ததை மக்கள் வரவேற்றார்கள். ஆனால் முதலாளியும் நிர்வாகமும் ஒன்றாகிவிட்டால், நிறுவனத்தால் பாதிக்கப்பட்டவர் யாரிடம் முறையிடுவது? பள்ளிக்குக் கம்பெனியின் பணம் வரட்டும். அதை எங்கே செலவிடுவது என்பதைப் பெற்றோரும் தேர்ந்தெடுக்கப்பட்டவரும் முடிவு செய்யட்டும்.

எதை நிறுவ முடியாது, எதை நிறுவலாம்

கேரளத்தின் கல்வி உயர்வைப் பஞ்சாயத்தின் கணக்கில் எழுதுவது பிழை. பள்ளிகளை ஒப்படைக்கும் முன்பே, 1991 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் கேரளத்தின் எழுத்தறிவு 89.8 விழுக்காடு, தமிழ்நாட்டினது 62.7. 2011-இல் அவை 94, 80 என்றாயின. பள்ளிகளைக் கல்வித் துறையிடம் வைத்திருந்த தமிழ்நாடுதான் அந்த இருபது ஆண்டுகளில் அதிக தூரம் நடந்திருக்கிறது. ஆகவே அதிகாரப் பகிர்வு தானாகவே கற்றலை உயர்த்தும் என்று இந்த ஒப்பீடு சொல்லவில்லை. வேறொன்றைச் சொல்கிறது. பள்ளியின் அன்றாடக் குறைகளுக்குப் பொறுப்பான ஒருவர், எட்டும் தூரத்தில், கையில் பணத்தோடு, வாக்குக்கு அஞ்சி இருக்கிறாரா என்பதில் எடையார் நம்மைவிட முன்னே இருக்கிறது. பெற்றோரை, அதிலும் ஏழைத் தாய்மாரை, பள்ளியின் சபைக்குள் அழைத்துவந்ததில் ஒரகடம் வலுவான அடித்தளம் போட்டிருக்கிறது. ஒன்றிடம் இருப்பது மற்றதிடம் இல்லை.

இரண்டையும் சேர்ப்பதற்குப் புதிய தத்துவம் எதுவும் வேண்டாம். ஆசிரியர் நியமனம், சம்பளம், பாடத்திட்டம் மூன்றும் மாநிலத்திடமே இருக்கட்டும். 1981-இல் பெற்றதை இழக்க வேண்டாம். கட்டடமும் பராமரிப்பும் குழந்தைகள் பதிவேடும் ஊராட்சியின் சட்டக் கடமையாகட்டும். அதற்கான பராமரிப்பு நிதி சூத்திரப்படி ஆண்டுதோறும் வரட்டும். ஆலை வட்டாரங்களின் வரி வருவாயில் ஒரு பங்கு ஒன்றியக் கல்வி நிதியில் சேர்ந்து எல்லா ஊர்ப் பள்ளிகளுக்கும் பிரியட்டும். மேலாண்மைக் குழுவின் தீர்மானம் கிராம சபையில் படிக்கப்படட்டும். ஊராட்சி அடுத்த கிராம சபையில் அதற்கு எழுத்தில் பதில் தரட்டும். கூட்டம் எந்த நாள், எந்த நேரம் என்பதை அந்தந்தக் குழுவே குறிக்கட்டும்.

இவற்றுள் சிலவற்றுக்குச் சட்டத் திருத்தம் வேண்டும். அதற்கு அரசை வற்புறுத்த வேண்டும். ஒன்றுக்கு எதுவும் வேண்டாம். தமிழ்நாட்டில் ஆண்டுக்கு ஆறு கிராம சபைகள் கூடுகின்றன: ஜனவரி 26, மார்ச் 22, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, நவம்பர் 1. ஸ்ரீபெரும்புதூர், ஒரகடம், வல்லம், சுங்குவார்சத்திரம் வட்டாரத்துப் பெற்றோர் வரும் கிராம சபைக்குத் தம் பள்ளியின் தீர்மானப் பதிவேட்டை எடுத்துச் செல்லட்டும். பள்ளிக்கு இந்த ஆண்டு என்ன செலவழித்தீர்கள் என்று ஊராட்சியிடம் கேட்டு, வரும் பதிலைப் பதிவு செய்யச் சொல்லட்டும். கேட்கும் உரிமை இன்றே அவர்களுக்கு இருக்கிறது.